பேராக் ஆற்றங்கரையின் ஆதி மாந்தர்

பேராக் மாநில வரலாறு என்றவுடன் தமிழாசிரியர் பலர்க்கும் நினைவில் முந்தி நிற்பன லாரூட்டின் ஈயச் சுரங்கங்களும், 1874-ஆம் ஆண்டின் பங்கோர் உடன்படிக்கையும், 1877-இல் கோலகங்சாரில் ஊன்றப்பட்ட ரப்பர்க் கன்றுகளுமே. தமிழ்த் தொழிலாளர் வரலாறு அக்கன்றுகளின் நிழலிலிருந்தே தொடங்குவது போலத் தோன்றும். அதற்கு முற்பட்ட தொடர்பைத் தேடுவோர், மாத்தாங் கடலோரத்துக் குவாலா செலின்சிங்கில் கிடைத்ததும், பல்லவர் காலத்து எழுத்தை ஒத்த எழுத்தில் ஒரு பெயர் பொறிக்கப்பெற்றதுமான சிறு முத்திரையைச் சுட்டுவர். அதுவும் ஆயிரத்துச் சொச்சம் ஆண்டுக் கதையே. கோலகங்சாரிலிருந்து பேராக் ஆற்றின் வழியே வடக்கு நோக்கிச் செல்வோர்க்குச் சில மணி நேரத்திற்குள் எதிர்ப்படும் லெங்கோங் பள்ளத்தாக்கோ, ஆயிரத்தால் அன்றிப் பதினாயிரத்தாலும் இலட்சத்தாலும் எண்ணத்தக்க காலத்தைத் தன் மண்ணுள் அடக்கி வைத்திருக்கிறது. 2012-ஆம் ஆண்டு ஐக்கிய நாட்டுக் கல்வி, அறிவியல், பண்பாட்டு நிறுவனம் அப்பள்ளத்தாக்கை உலக மரபுச் சின்னமாக ஏற்றது. மரபுச் சின்னம் என்ற சொல்லைக் கேட்டுக் கோபுரத்தையோ கோட்டையையோ தேடிச் செல்வோர்க்கு அங்குக் காணக் கிடைப்பன சுண்ணாம்புக் குன்றுகளும், தோட்டங்களும், ஆற்றங்கரை மண்ணுமே.

குன்றின் பெயரும் குகையின் பெயரும்

லெங்கோங்கில் உள்ள ஒரு குன்றுக்கு மலாய் மொழியில் புக்கிட் கெப்பாலா காஜா என்று பெயர். யானைத்தலைக் குன்று என்பது பொருள். கெப்பாலா என்பதில் கபாலத்தையும், காஜா என்பதில் கஜத்தையும் தமிழாசிரியர் எளிதில் அடையாளம் காண்பர். சொற்கள் கடல் கடந்து குடியேறுவதற்கு இதனைவிடத் தெளிவான சான்று வேண்டுவதில்லை. அக்குன்றின் உயரத்தில் குவா குனோங் ருந்தோ, அதாவது இடிந்த மலைக் குகை, அமைந்துள்ளது. 1990-ஆம் ஆண்டையொட்டி அக்குகையை அகழ்ந்த மலேசிய அறிவியல் பல்கலைக்கழகக் குழுவினர், பேராசிரியர் ஜுரைனா மஜீட் அவர்களின் தலைமையில், கிட்டத்தட்ட முழுமையான ஓர் எலும்புக்கூட்டை வெளிக்கொணர்ந்தனர். அதுவே இன்று உலகம் அறிந்த ‘பேராக் மனிதன்’.

அம்மனிதன் ஏறத்தாழ 157 செண்டிமீட்டர் உயரமுள்ள ஆடவன். இறக்கும்போது நாற்பது வயதைக் கடந்தவன். கரிமக் காலக்கணிப்பு அவன் வாழ்ந்த காலத்தைப் பத்தாயிரம் ஆண்டுகட்கு முன்னர் என வைக்கிறது. அதாவது, தென்னாட்டில் ஆதிச்சநல்லூர்த் தாழிகளில் முதியோர் அடக்கம் பெற்றதற்குப் பல ஆயிரம் ஆண்டுகள் முற்பட்ட காலம். கருவிலிருக்கும் குழவிபோலக் கை கால்கள் மடக்கப்பெற்று அவன் கிடத்தப்பட்டிருந்தான். உடன் கற்கருவிகளும், விலங்கிறைச்சி படைக்கப்பட்டதற்கு அடையாளமான எலும்புகளும், ஆற்று நத்தை ஓடுகள் மிகப் பலவும் வைக்கப்பட்டிருந்தன. உடலை மடக்கிப் புதைக்கும் வழக்கத்தைக் கண்டவுடன் தாழியொடு உறவு கற்பிக்க எழும் ஆசையை அடக்கிக்கொள்ளல் நன்று. பிறந்தவாறே மண்ணுக்கு அனுப்பும் எண்ணம் ஒருவரிடம் ஒருவர் கற்றுக்கொள்ளாமலே பல நாடுகளில் தோன்றியிருக்கிறது.

அவ்வெலும்புகளுள் ஆராய்ச்சியாளரை நெடிது நிறுத்தியது இடக்கை. அக்கையின் விரலெலும்பு பிறவியிலேயே குறுகிப்போயிருந்தது. தலைமுறை வழி வரும் அரியதொரு குறைபாடு அது என மருத்துவம் கற்றோர் பெயரிட்டுக் கூறினர். வேட்டையாடியும் கிழங்ககழ்ந்தும் நத்தை பொறுக்கியும் பிழைக்கும் கூட்டத்தில், கை ஊனமுற்ற ஒருவன் நாற்பதாண்டுகட்குமேல் வாழ்ந்திருக்கிறான். இறந்தபின், அக்கூட்டத்தார் குன்றின்மேல் ஏறி, குகையுள் குழி தோண்டி, உணவு படைத்து அடக்கம் செய்திருக்கின்றனர். அவன் தலைவனா, பூசகனா என்று உறுதியாகச் சொல்ல அவ்வெலும்பில் இடமில்லை. சுற்றத்தாரால் கைவிடப்படாதவன் என்பது மட்டும் ஐயத்திற்கு அப்பாற்பட்டது. காடுவாழ் ஆதி மனிதர் எனில் ஒருவரையொருவர் அடித்துத் தின்ற கொடியோர் எனப் பள்ளிப் பிள்ளைகட்கு இன்னும் சொல்லும் ஆசிரியர் எவரேனும் இருப்பின், இவ்வொரு கல்லறை அவர்க்குப் போதுமான மறுமொழி.

2004-இல் அதே பள்ளத்தாக்கின் குவா தெலோக் கெலாவாரில் ஒரு பெண்ணின் எலும்புக்கூடு கிடைத்தது. அது பேராக் மனிதனுக்கு ஆயிரம் ஆண்டுகட்குமேல் பிற்பட்டது.

எலும்பு அழியும் மண்

பேராக் மனிதன் பத்தாயிரம் ஆண்டினன் என்றால், அவனுக்கு முன்னர் அப்பள்ளத்தாக்கில் மாந்தர் இல்லையோ என்ற கேள்வி எழும். இருந்தனர், அவர்தம் எலும்புகள்தாம் இல்லை. வெப்பமும் பெருமழையும் மிக்க நாட்டில் மண் புளிப்புத் தன்மை அடைகிறது. எலும்பிலுள்ள சுண்ணாம்புச் சத்தை அம்மண் சில நூற்றாண்டுகளிலேயே கரைத்துண்டுவிடும். சுண்ணாம்புக் குகையின் மண் மட்டும் இதற்கு விலக்கு. ஆகவேதான் இந்நாட்டின் தொல்லெலும்புகள் பெரும்பாலும் குகைகளிலிருந்தே வருகின்றன. ஆற்றங்கரையில் வெட்டவெளியில் வாழ்ந்தவர் கல்லை விட்டுச் சென்றனர். தம்மை விட்டுச் செல்லவில்லை. தமிழ்நாட்டின் நிலையும் இதுவே. 1863-இல் ராபர்ட் புரூஸ் பூட் பல்லாவரத்தில் கண்டெடுத்த கல்லாயுதமும், அதே ஆண்டு அத்திரம்பாக்கத்தில் கிடைத்த கருவிகளும் உலகறிந்தவை. ஆயினும் அவற்றைச் செய்தவரின் எலும்பு அங்கு இன்றளவும் கிடைத்திலது. இந்தியத் துணைக்கண்டம் முழுவதிலும் அக்காலப் பழமை வாய்ந்த மண்டையோடாக எடுத்துக்காட்டப்படுவது, 1982-இல் நருமதைக் கரையின் ஹத்னோராவில் அருண் சோனாக்கியா கண்டது ஒன்றே.

சாம்பற்கடியாரம்

எலும்பில்லாத இடத்தில் காலத்தை அறிவது எங்ஙனம்? லெங்கோங்கில் அதற்கு விடை வானிலிருந்து விழுந்தது. இன்றைக்குச் சற்றேறக்குறைய 74,000 ஆண்டுகட்கு முன்னர்ச் சுமத்திராவின் தோபா எரிமலை வெடித்தது. கடந்த இருபது இலட்சம் ஆண்டுகளில் உலகம் கண்ட மிகப் பெரிய வெடிப்பு அது என்பர். வெடித்த வாய் இன்று நூறு கிலோமீட்டர் நீளமுள்ள ஏரியாகக் கிடக்கிறது. அதன் சாம்பல் வங்கக் கடலைக் கடந்து இந்திய நாட்டிலும் படிந்தது. நானூறு கிலோமீட்டருக்கும் குறைந்த தொலைவிலுள்ள லெங்கோங்கிலோ, சில இடங்களில் அது பல மீட்டர் தடிப்புக்குக் குவிந்துள்ளது.

இச்சாம்பலொடு தொடர்புற்ற இடம் கோத்தா தம்பான். சிங்கப்பூர் ராபிள்ஸ் அரும்பொருளகத்தைச் சேர்ந்த காலிங்ஸ் என்பார் 1938-இல் அங்கே கூழாங்கற்களை உடைத்துச் செய்த கருவிகளைக் கண்டு உலகுக்கு அறிவித்தார். 1954-இல் ஆன் சீவ்கிங் அம்மையார் மீண்டும் அகழ்ந்தார். அவை கருவிகளே அல்ல, ஆற்றில் உருண்டு உடைந்த கற்கள் என மறுத்தோரும் உண்டு. அவ்வழக்கைத் தீர்த்தது 1987-ஆம் ஆண்டு ஜுரைனா மஜீட் நடத்திய அகழ்வு. அவர் கண்டது கருவிகளை மட்டுமன்று. கருவி செய்த பட்டறையையே கண்டார். கல்லை வைத்து அடித்த பட்டடைக்கல், அடிக்கப் பயன்பட்ட சுத்திக்கல், பாதியில் கைவிட்ட கருவிகள், தெறித்து விழுந்த பல்லாயிரக்கணக்கான சில்லுகள் ஆகியன விழுந்த இடத்திலேயே கிடந்தன. ஆறு கல்லை உடைக்கலாம். பட்டறை அமைத்து உடைப்பதில்லை.

ஆயினும் காலம் பற்றிய வழக்கு ஓய்ந்தபாடில்லை. அப்பொழுது அச்சாம்பலுக்குக் கூறப்பட்ட வயது ஏறத்தாழ 31,000 ஆண்டு. ஆகவே கோத்தா தம்பான் பட்டறைக்கும் அவ்வயதே கொடுக்கப்பட்டது. பின்னர் அச்சாம்பல் தோபாவின் பெருவெடிப்பைச் சேர்ந்ததே எனத் தெளிந்தபோது, ஒரே எட்டில் பட்டறையின் வயது இரு மடங்குக்கு மேலாகிவிட்டது. ஒரு கல்லும் புதிதாகத் தோண்டப்படாமலே நாற்பதாயிரம் ஆண்டு கூடிற்று. 2012-இல் ஸ்டோரி முதலிய அறிஞர், லெங்கோங் சாம்பலினின்றெடுத்த பளிங்குத் துகள்களை ஆர்கான் முறையால் ஆய்ந்து, வெடிப்பின் காலம் 73,900 ஆண்டுகட்கு அண்மையது என நுட்பமாக வரையறுத்தனர். உலகெங்கும் கடலடி மண்ணையும் பனிப்பாளத்தையும் படிப்போர் தம் கணக்கை ஒப்பிட்டுக்கொள்ளும் அளவுகோலாக லெங்கோங்கின் சாம்பல் அமைந்தது.

ஆனால் சாம்பலின் வயது திண்ணமாயினும், அச்சாம்பலுக்கும் கல்லுக்கும் உள்ள உறவு அத்துணைத் திண்ணமன்று என்று சிலர் கருதுவர். விழுந்த சாம்பலை மழையும் ஆறும் அடித்துவந்து வேறிடத்தில் சேர்த்திருக்கலாமன்றோ? இவ்வினா தள்ளத்தக்கதன்று. எனினும் பட்டறை மண்ணையே ஒளிக் காலக்கணிப்பு முறையில் ஆய்ந்தபோதும் எழுபதாயிரத்தை ஒட்டிய காலமே கிடைத்தமை கருதற்பாலது.

கொலைக் குன்றின் கோடரி

கோத்தா தம்பானுக்கு அண்மையில் புக்கிட் பூனோ என்ற இடம் இருக்கிறது. பூனோ எனின் கொல்லுதல். பெயரிலுள்ள கொலையைவிடப் பெரிய அழிவு அங்கு முன்னொருகால் நிகழ்ந்தது. விண்கல் ஒன்று மோதி, பாறையை உருக்கி, உருகிய பாறையுள் கண்டதையெல்லாம் சிறைப்படுத்திற்று. அவ்வாறு சிறைப்பட்ட பாறையொன்றில் கைக்கோடரி ஒன்று இருப்பதாகவும், பாறையின் வயது 18 இலட்சத்து 30 ஆயிரம் ஆண்டு எனவும் 2009-இல் மொக்தார் சைடின் தலைமையிலான குழு அறிவித்தது. நாளிதழ்கள் அச்செய்தியை ஆரவாரத்துடன் வெளியிட்டன. ஆப்பிரிக்காவிற்கு வெளியே கிடைத்த மிகப் பழைய கைக்கோடரி என்னும் புகழும் அதற்குச் சூட்டப்பட்டது.

ஈண்டுச் சற்று நிதானம் வேண்டும். அவ்வயதைக் கணித்த முறை, ஆறு இலட்சம் ஆண்டு முன்னோ பின்னோ இருக்கலாம் என்ற பிழையெல்லையைத் தானே கூறுகிறது. உருகிய பாறையுள் அகப்பட்ட கல், மனிதன் செதுக்கியதா, மோதலில் உடைந்ததா என்று கேட்கும் அறிஞரும் பலர். ஒப்புநோக்க, அத்திரம்பாக்கத்தில் சாந்தி பப்பு அம்மையாரும் அவர் குழுவினரும் 2011-இல் நிறுவிய பதினைந்து இலட்சம் ஆண்டு என்னும் காலம், அடுக்கடுக்கான மண்ணில் நூற்றுக்கணக்கான கருவிகளின் துணையொடு நிற்கிறது. பத்துப் பதினைந்து இலட்சம் ஆண்டுகட்கு முன்னரே இந்தியாவிலும் சாவகத்திலும் மாந்தர் இருந்தனர் என்பது மறுக்க முடியாதது. 1891-இல் யூஜீன் துபுவா சாவகத்தின் திரினிலில் ஆதி மாந்தரின் மண்டையோடு ஒன்றைக் கண்டார். இந்தியாவிலிருந்து சாவகத்துக்கு நடந்து செல்வோர் மலாயாத் தீபகற்பத்தைத் தொடாமல் செல்ல வழியில்லை. ஆகவே புக்கிட் பூனோவின் கோடரி தள்ளப்பட்டாலும், அப்பள்ளத்தாக்கில் அக்கால மாந்தர் உலவியிருக்கக் கூடும் என்ற கருத்து தள்ளப்படாது. ஆனால் அவர்கள் ஹோமோ எரெக்டஸ் எனப்படும் வேற்றினத்தார். இன்றைய மனித குலம் அன்று.

கடல் இல்லாத காலம்

இன்றைய மனித குலம் ஆப்பிரிக்காவில் தோன்றிப் பரவியது என்பதில் இன்று பெரிய கருத்து வேற்றுமை இல்லை. எப்பொழுது, எவ்வழி, எத்தனை முறை என்பவற்றிலேயே வழக்கு. பனியூழிக் காலத்தில் கடல்நீர் பனியாக உறைந்து நிலத்தில் தங்கியமையால், கடல்மட்டம் இன்றையினும் நூறு மீட்டருக்குமேல் தாழ்ந்திருந்தது. மலாக்கா நீரிணை இருந்த இடத்தில் ஆறு ஓடும் சமவெளி. சுமத்திரா, சாவகம், போர்னியோ ஆகிய மூன்றும் தீபகற்பத்தொடு ஒட்டிய ஒரே நிலப்பரப்பு. அறிஞர் அதனைச் சுந்தா நிலம் என்பர். தமிழ் வாசகர்க்குக் கடல்கொண்ட நிலம் என்றவுடன் குமரிக்கண்டம் நினைவுக்கு வருதல் இயல்பே. ஆயின் இவ்விரண்டையும் ஒன்றாக்குதல் தகாது. இலெமூரியா என்ற பெயர் 1864-இல் ஸ்கிளேட்டர் என்ற விலங்கியலறிஞர், தேவாங்கினப் பரவலை விளக்க வைத்துக்கொண்ட ஊகத்தின் பெயர். கண்டங்கள் நகர்கின்றன என்பது நிறுவப்பட்டபின் அவ்வூகத்திற்குத் தேவையே இல்லாமற் போயிற்று. சுந்தா நிலமோ, கடலடியில் ஆற்றுத் தடங்களொடு இன்றும் அளக்கப்படுவது. கடல் அதனைக் கொண்டது மனிதர் கண்முன்னேதான். பேராக் மனிதன் வாழ்ந்த நாளிலும் கடல் ஏறிக்கொண்டே இருந்தது.

தோபா வெடித்த காலத்தில் ஆந்திரத்தின் ஜ்வாலாபுரத்தில் வாழ்ந்தோர் செய்த கருவிகள், அங்குள்ள சாம்பலுக்குக் கீழும் மேலும் ஒரே வகையாக இருப்பதைப் பெட்ராக்ளியா குழுவினர் 2007-இல் காட்டினர். சாம்பல் மழை அவர்களை அடியோடு அழிக்கவில்லை என்பது அவர்கள் கொண்ட முடிவு. ஆனால் ஜ்வாலாபுரத்தாரும் கோத்தா தம்பானாரும் இன்றைய மனிதர்தாமா என்று கல்லைக் கொண்டு முடிவு கட்ட இயலாது. இங்கே மரபணு ஆராய்ச்சி குறுக்கிடுகிறது. ஆப்பிரிக்காவிற்கு வெளியே வாழும் மக்களனைவரும் பெரும்பாலும் ஐம்பதாயிரம் முதல் அறுபதாயிரம் ஆண்டுகட்கு முன் புறப்பட்ட ஒரு கூட்டத்தின் வழிவந்தோர் என அது கணக்கிடுகிறது. லாவோஸ் நாட்டுத் தாம் பா லிங் குகையிலோ, அதற்கும் முற்பட்ட இன்றைய மனித வகையின் எலும்புகள் கிடைத்துள்ளதாக 2023-இல் வெளியான ஆய்வு கூறுகிறது. இரண்டும் உண்மையாக இருக்க ஒரு வழி உண்டு: முதலில் வந்தோர் வந்தனர், வாழ்ந்தனர், சந்ததியின்றி மறைந்தனர். முந்தி வந்தவரெல்லாம் மூதாதையர் ஆவதில்லை. எம் நிலம், எம் முன்னோர் என்று எவரும் பறைசாற்றுமுன் இதனை எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

மொழி வேறு, மரபு வேறு

சந்ததியோடு நிலைத்தவர் யாவர்? மலேசியாவின் பூர்வ குடியினரை ஓராங் அஸ்லி என்பர். அஸ்லி என்பது அரபியிலிருந்து மலாய்க்கு வந்த சொல். பேராக்கின் வடபகுதியில் வாழும் ஜஹாய், லானோ முதலியோர் அவருள் செமாங் என்னும் பிரிவினர். லானோ மக்கள் லெங்கோங் வட்டாரத்தவரே. 2005-இல் மக்காலே முதலியோர் ஓராங் அஸ்லியரின் தாய்வழி மரபணுவை ஆய்ந்து, அவர்தம் மூதாதையர் இந்தியக் கரையோரமாக விரைந்து வந்தவர் என்றனர். 2018-இல் வெளிவந்த மற்றோர் ஆய்வு கிளந்தானின் குவா சா குகையில் கிடைத்த, நாலாயிரம் ஆண்டுகட்கு மேற்பட்ட எலும்பிலிருந்து மரபணுவையே எடுத்துவிட்டது. அதற்கு இன்று நெருங்கிய உறவினர் ஜஹாய் மக்களும் அந்தமான் தீவின் ஓங்கே மக்களும் ஆவர். பேராக் மனிதனின் மரபணு அவ்வாறு படிக்கப்பட்டிலது. ஆயினும் அவன் எலும்பமைப்பை ஆஸ்திரேலியா, மெலனீசியப் பகுதிகளின் மக்களொடு ஒப்பிட்டே ஆராய்ச்சியாளர் பேசுகின்றனர்.

தமிழாசிரியர் கருத்தூன்ற வேண்டிய செய்தி ஒன்று இதனுள் பொதிந்துள்ளது. ஜஹாய், லானோ மக்கள் பேசும் மொழிகள் மொன்-கெமர் இனத்தவை. நம் நாட்டு முண்டா மொழிகட்கும் தொலைவு உறவுடையவை. அம்மொழிகள் இத்தீபகற்பத்துக்கு வந்தது, நெல் பயிரிடத் தெரிந்த மக்கள் வடக்கிலிருந்து இறங்கி வந்த, இற்றைக்கு நாலாயிரம் ஆண்டுகட்கு அண்மைய காலத்தில்தான் என்று அறிஞர் கருதுகின்றனர். அவ்வாறாயின், பல்லாயிரம் ஆண்டுகளாகக் காட்டிலேயே வாழ்ந்த ஒரு குடி தன் பழைய மொழியைத் துறந்து வந்தவர் மொழியை ஏற்றது. மரபை மட்டும் விடவில்லை. அவர்கள் முன்னர்ப் பேசிய மொழியின் ஓர் எழுத்தும் நமக்குக் கிட்டாது. சொல்லொப்புமை இரண்டைக் கண்டவுடன் இன ஒப்புமை பேசும் கட்டுரைகள் தமிழில் குறைவில்லை. மொழியும் குருதியும் ஒரே வண்டியில் பயணம் செய்வனவல்ல என்பதற்கு லெங்கோங்கினும் நல்ல எடுத்துக்காட்டு அரிது. தோட்டத்து லயங்களில் பிறந்து வளர்ந்து, பின்னர்த் தமிழை விட்டு வேறு மொழிக்கு மாறிய குடும்பங்களை அறிந்தோர்க்கு இது வியப்பாகாது.

கிந்தாவின் குகைகள்

ஈப்போவைச் சூழ்ந்த கிந்தா பள்ளத்தாக்கின் சுண்ணாம்புக் குன்றுகளைப் பற்றியும் சில கூறுதல் தகும். ஈப்போவுக்கு அருகிலுள்ள தம்புன் பாறைச்சுவரில் செங்காவியால் தீட்டிய ஓவியங்கள் 1959-இல் கூர்க்காப் படையைச் சேர்ந்த ஓர் இளம் அதிகாரியின் கண்ணிற்பட்டன. பிற்காலத்தில் நுணுகி எண்ணியோர் அறுநூறுக்கு மேற்பட்ட உருவங்களைப் பதிவு செய்தனர். அவ்வட்டாரத்து ஈயம் கலந்த குகை மண்ணிலிருந்து வந்த விலங்கெலும்புகளை ஒல்லாந்து அறிஞர் ஹூயர் 1960-களில் ஆய்ந்தார். அவற்றுள் நீர்யானையும் இருந்தது. இன்று ஆப்பிரிக்காவில் மட்டும் வாழும் விலங்கினத்தின் உறவு அன்று ஈப்போவின் சேற்றில் புரண்டிருக்கிறது. தைப்பூசத்திற்குப் பல்லாயிரவர் திரளும் பத்துமலைக் குன்றிலோ, ஏறத்தாழ அறுபதாயிரம் ஆண்டுகட்கு முற்பட்ட ஓராங் ஊத்தான் பற்கள் கிடைத்ததாக 2013-இல் அறிவிக்கப்பட்டது. அதே ஆய்வு பேராக்கின் பாடாக் குகையிலிருந்தும் ஐந்து இலட்சம் ஆண்டுகட்கு முற்பட்ட பற்களைச் சேர்த்துக் கூறுகிறது. தீபகற்பத்தில் இன்று அவ்விலங்கு இல்லை.

ஹூயர் ஆய்ந்த எலும்புகளை வெளிக்கொணர்ந்தது தொல்லியலாரின் கரண்டி அன்று. ஈயம் தேடிய மண்வெட்டி. ஈயத் தொழில் ஒடுங்கியபின் அக்குன்றுகளைச் சிமெண்டுக்கும் சலவைக்கல்லுக்கும் வெடிவைத்து உடைக்கின்றனர். லெங்கோங்கின் சாம்பலும் கல்லும் காலம் சொல்வது, அவை அடுக்குக் குலையாமல் கிடந்தமையாலேயாம். வெடித்துச் சரிந்த குகையில் அடுக்கு ஏது?

சுமத்திராவின் லிடா ஆயர் குகையில் துபுவா 1880-களின் இறுதியில் சில பற்களைத் திரட்டினார். அவை ஒல்லாந்து அரும்பொருளகத்தில் நூறாண்டுக்குமேல் கிடந்தன. துபுவாவின் குறிப்பேட்டைத் துணைக்கொண்டு வெஸ்டவே என்னும் ஆராய்ச்சியாளரும் அவர் குழுவினரும் அக்குகையை மீண்டும் கண்டுபிடித்து, பல் கிடந்த மண்ணின் காலத்தை அளந்தனர். குகை உடைபடாமல் இருந்தது, மண்ணும் இருந்தது. அப்பற்கள் இன்றைய மனித வகையினவே என்றும், 63,000 முதல் 73,000 ஆண்டுகட்கு முற்பட்டன என்றும் 2017-இல் அவர்கள் அறிவித்தனர்.